துராந்தோ 71-இன் வால்

தியேர், 15 நவம்பர் 1936

அன்பு மகள் சொலாஞுக்கு,

இங்கே நான் ஓடிக்கொண்டிருக்கிறேன். மூட்டுவலி மட்டும் விடாமல் கூடவே வருகிறது. பதினெட்டு வருடம் பக்கத்து மேசையில் இருந்தவர்களுக்கு இல்லாத விசுவாசம் அதற்கு இருக்கிறது. நீயும் மாப்பிள்ளையும் எப்படி இருக்கிறீர்கள்? மாந்தில் ஆற்றுப்பனி இறங்கியிருக்கும். கம்பளிச் சட்டை இல்லாமல் இவோன் எந்த விமானத்திலும் ஏறக் கூடாது.

கத்தி செய்கிறவர்களின் பிள்ளைகள் நாற்பது பேருக்கு வடிவியல் சொல்லிக்கொடுக்கிறேன். ஒருவனுக்கும் வட்டத்துக்கும் கோளத்துக்கும் வித்தியாசம் தெரியாது. ஆனால் ஒருவனும் என் வேலையைத் தன் பெயரில் போட்டுக்கொள்வதில்லை.

செய்தித்தாளில் படம் பார்த்தேன். நம் ராணுவத்துக்குப் புதிய கண் கிடைத்துவிட்டதாம். துராந்தோ 71, வேவு விமானம். அதன் பக்கத்தில் தொப்பியோடு நிற்கிறான் தலைமைப் பொறியாளன் ருஷோன். அந்த இறக்கை யாருடையது? நான்கு மாதம் நான் வீட்டுக்கு வராமல் கணக்குப் போட்டது உனக்குத் தெரியும். உன் அம்மாவின் கடைசி ஈஸ்டர் அது. செய்தியில் என் பெயர் ஒரு மூலையில்கூட இல்லை.

ஜூன் வேலைநிறுத்தத்தின்போது தொழிலாளிகள் என்னை முதலாளி ஆள் என்றார்கள். முதலாளியோ என்னைத் தொழிலாளிகளின் ஆள் என்றார். இவன் நம்மவன் இல்லை என்பதில் மட்டும் இரண்டு தரப்புக்கும் ஒற்றுமை. செப்டம்பரில் நான் தொழிற்சாலையை விட்டு வெளியே வந்ததற்கு ஒருவரும் ஏன் என்று கேட்கவில்லை.

அமைச்சகத்துக்கு ஒரு புகார் எழுதிக்கொண்டிருக்கிறேன். வயிறு தள்ளிய அந்த வாத்து பறக்கும் என்று நான் நினைக்கவில்லை. வயிற்றுக்கடியில் கண்ணாடி அறை தொங்கவிட்டு, அதற்குள் என் மாப்பிள்ளையைப் படுக்கவைத்து வேடிக்கை பார்க்கச் சொல்கிறார்கள்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

உன் அப்பா,
கஸ்பார் தூர்னாத்ர்

——

மாந்த், 29 நவம்பர் 1936

அன்புள்ள அப்பாவுக்கு,

நாங்கள் இருவரும் நன்றாக இருக்கிறோம். எனக்கு லேசாகச் சளி, அவ்வளவுதான். முழங்காலுக்கு ஆட்டுக்கொழுப்பு தடவச் சொன்னேனே, தடவுகிறீர்களா, இல்லை அதன் மேலும் கோபமா?

செவ்வாய்க்கிழமை உங்கள் வாத்து பறந்துவிட்டது. முதல் தடவை விமானி லெஸ்த்ராத் மட்டும் போனார். மறுநாள் இவோனையும் ஏற்றிக்கொண்டார். இறங்கி வந்த இவோன் சாப்பிடவே மறந்துவிட்டார். "கண்ணாடிக்குள்ள கவுந்து படுத்தா மாந்த் கோயிலோட ரெண்டு கோபுரமும் நேரா என் மூக்குத் துவாரத்துக்குத்தான் வருது. உங்கப்பாகிட்ட எழுது, வாத்து பறக்குது, முட்டைதான் இன்னும் போடலன்னு" என்றார். வேகம் கூடும்போது மட்டும் வால் கொஞ்சம் உதறுகிறதாம். "குளிச்ச நாய் மாதிரி" என்று தோளை ஆட்டிக் காட்டினார்.

விமானக் கூடாரத்தில் எல்லோருக்கும் ஆப்பிள் சைடர் மது ஊற்றினார்கள். மொசியே ருஷோன் பேசினார். உங்களுக்கு ஒளிக்க மாட்டேன், உங்கள் பெயரைச் சொல்லவில்லை. ஆனால் கூட்டம் கலைந்தபிறகு என்னிடம் வந்து, "அப்பா எப்படிம்மா இருக்காரு? அவர் மேசைய இன்னும் யாருக்கும் குடுக்கல" என்றார். அவருக்கு முகம் வற்றிப்போயிருக்கிறது.

அப்பா, உங்கள் கடிதத்தை இவோனும் படிக்கிறார். அவர் சோறு அந்த விமானத்தில்தான் இருக்கிறது. கொஞ்சம் பார்த்து எழுதுங்கள்.

கிறிஸ்துமஸுக்கு வருகிறீர்களா?

முத்தங்களுடன்,
சொலாஞ்

——

தியேர், 12 டிசம்பர் 1936

சொலாஞுக்கு,

முழங்கால் அப்படியேதான். ஆட்டுக்கொழுப்பு நாற்றத்துக்கு, வாடகை வீட்டுக்கார மதாம் ஷசால் ஜன்னலைத் திறந்துவைத்துவிட்டாள். இப்போது முழங்காலோடு சளியும் சேர்ந்துகொண்டது. உன் சளி எப்படி இருக்கிறது?

ருஷோன் நலம் விசாரித்தானா? திருடனும்தான் வீட்டுக்காரனைப் பார்த்தால் நலம் விசாரிப்பான். வீட்டில் இருக்கிறாரா இல்லையா என்று தெரியவேண்டுமே.

வால் உதறுவதில் ஆச்சரியமில்லை. அவ்வளவு பெரிய கண்ணாடிப் பானையைக் கட்டித் தொங்கவிட்டால், அதன் பின்னால் காற்று கலங்கி வாலில் வந்து மோதத்தான் செய்யும். அது நான் போட்ட பானை இல்லை.

புகாரை நேற்று தபாலில் சேர்த்துவிட்டேன். ஒன்பது பக்கம். பதினெட்டு வருடத்தில் என் கையெழுத்திட்ட கணக்குத்தாள் ஒன்றுகூடத் தவறியதில்லை என்று முதல் பத்தியிலேயே எழுதியிருக்கிறேன். அது உண்மை என்று ருஷோனுக்கும் தெரியும். ஆதாரம் கேட்பார்கள். என் நீலநிறக் குறிப்பேடுகள் எல்லாம் இங்கே பெட்டியில் இருக்கின்றன. விடுமுறையில் ஒவ்வொரு தாளாகப் பார்த்து எடுத்துவைக்கப் போகிறேன். அதனால் கிறிஸ்துமஸுக்கு வர இயலாது.

இவோன் படித்தால் படிக்கட்டும். அவன் நல்லவன். நல்லவனாக இருப்பது ஒன்றும் பெரிய கெட்டிக்காரத்தனம் இல்லை.

அப்பா

——

தியேர், 30 டிசம்பர் 1936

அன்பு சொலாஞ், இவோன்,

புது வருடம் உங்கள் இருவருக்கும் சுகமாக அமையட்டும். எனக்குக் குறையொன்றும் இல்லை.

அங்கே பனிமூட்டம் அதிகம் என்று செய்தித்தாளில் போட்டிருந்தது. அப்படிப்பட்ட நாட்களில் விமானத்தை வெளியே எடுக்க மாட்டார்கள்தானே? எப்போது எழுத முடியுமோ அப்போது எழுது.

அப்பா

——

மாந்த், 7 ஜனவரி 1937

அன்புள்ள அப்பாவுக்கு,

உங்களுக்கும் புது வருடம் நல்லதாக இருக்கட்டும். உடம்புக்கு ஒன்றுமில்லையே? உங்கள் கடைசிக் கடிதத்தில் ஒருவரையும் திட்டவில்லை. இவோன் அதை விளக்கடியில் வைத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "இது மாமா எழுத்தில்ல. யாரோ நல்லவங்க எழுதிருக்காங்க" என்றார்.

நேற்று மூன்று ராஜாக்கள் திருநாளுக்குக் கேக் வெட்டினோம். லெஸ்த்ராத்தும் அவர் மனைவியும் வந்திருந்தார்கள். கேக்குக்குள் ஒளித்த அவரை விதை இவோனின் துண்டில் வந்தது, இந்த வருடம் அவர்தான் ராஜா. காகிதக் கிரீடத்தோடு பாதி இரவு உட்கார்ந்திருந்தார்.

பனிமூட்டம் இருந்தாலும் இடைவெளி கிடைத்தால் பறக்கிறார்கள். இந்த வாரம் மட்டும் மூன்று தடவை. இப்போது பெரிய செய்தி: பிப்ரவரி 25 அன்று பாய்ச்சல் சோதனை. நாலாயிரம் மீட்டரில் இருந்து செங்குத்தாக இறங்கி, கீழே வந்து இழுத்து நிமிர்த்துவார்கள். முழுப் பாரத்தோடு செய்ய வேண்டும் என்பது ராணுவத்தின் விதி. அதனால் மணல்மூட்டை வேண்டாம், நானே படுத்துக்கொண்டு அளவுமானிகளைப் படிக்கிறேன் என்று இவோன் கேட்டு வாங்கியிருக்கிறார். அதில் தேறிவிட்டால் நாற்பது விமானத்துக்கு ஆர்டர். இரண்டு வருடத்துக்கு எல்லோருக்கும் வேலை.

எனக்குப் பயமாக இருக்கிறது. அவரிடம் காட்டிக்கொள்ளவில்லை. உங்களிடம் மட்டும் சொல்கிறேன். பயப்பட ஒன்றுமில்லை என்று நீங்கள் ஒரு வரி எழுதினால் போதும்.

உங்கள் சொலாஞ்

——

தியேர், 24 ஜனவரி 1937

சொலாஞுக்கு,

பதில் தாமதமானதற்கு மன்னித்துக்கொள். பள்ளியில் வேலை.

இவோன் அந்தப் பாய்ச்சலில் போகக் கூடாது. ருஷோனின் வால் பலவீனமானது. நேராகப் பறக்கும்வரை தாங்கும். பாய்ந்து நிமிர்த்தும்போது தாங்காது. கண்ணாடி அறையில் படுத்திருப்பவன் குதித்துத் தப்பவும் முடியாது, கதவு அவன் கால்மாட்டில் இருக்கிறது.

மணல்மூட்டையை ஏற்றச் சொல். அது மாப்பிள்ளையின் எடைதான். அதற்குப் பெண்டாட்டி இல்லை.

என் பேச்சை ஒரு தடவையாவது கேள்.

அப்பா

——

மாந்த், 31 ஜனவரி 1937

அப்பாவுக்கு,

நலமாக இருக்கிறீர்கள் என்று நம்புகிறேன். நாங்கள் நலமில்லை, உங்கள் கடிதத்தால்.

பயப்படாதே என்று ஒரு வரி கேட்டேன். பதினேழு நாள் காக்கவைத்து இதை எழுதியிருக்கிறீர்கள். இவோனிடம் காட்டினேன். அவர் கத்தவில்லை. விரல்விட்டு எண்ணினார். "போன வருசம் சக்கரம் ஒடியும்னாரு. அப்புறம் கண்ணாடி வெடிக்கும்னாரு. எஞ்சின் தீப்பிடிக்கும்னாரு. இப்ப வாலு. மாமா சொன்னதெல்லாம் பலிச்சிருந்தா நான் இதுக்குள்ள நாலு தடவ செத்திருக்கணும்" என்றார். பிறகு தொப்பியை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

அவர் சொல்வதில் என்ன தவறு? அந்தத் தொழிற்சாலையில் உங்களுக்குப் பிடித்த ஒரு ஆணி உண்டா? உங்களுக்கு ருஷோன் மேல் கோபம். அந்தக் கோபத்துக்கு என் புருஷனைத் தடியாக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

ஆனாலும் இரண்டு இரவாகத் தூக்கம் வரவில்லை. அதனால் கேட்கிறேன். வால் பலவீனம் என்று உங்களுக்கு எப்படித் தெரியும்? அதைக் கணக்கிட்டது யார்? நிஜமாகவே தெரியுமென்றால் எனக்கு ஏன் எழுதுகிறீர்கள், மொசியே ருஷோனுக்கல்லவா எழுத வேண்டும்? இந்த மூன்றுக்கும் பதில் எழுதுங்கள். வேறெதுவும் எழுத வேண்டாம்.

சொலாஞ்

——

தியேர், 6 பிப்ரவரி 1937

அன்பு மகளுக்கு,

உனக்குக் கவலை தரக் கூடாதென்று இதுவரை சொல்லாமல் இருந்தேன். எனக்கு நெஞ்சில் வலி. டாக்டர் வந்து பார்த்துவிட்டுத் தலையை ஆட்டிவிட்டுப் போனார். படுக்கையில் இருந்துதான் எழுதுகிறேன். நீயும் இவோனும் உடனே புறப்பட்டு வந்து மூன்று வாரமாவது என்னோடு இருக்க வேண்டும். இவோன் இல்லாமல் நீ தனியாக வராதே, பிரயாணம் நீளம்.

இங்கே கத்திப் பட்டறை ஒன்றில் நல்ல மெக்கானிக் தேடுகிறார்கள். நான் பேசிவைத்திருக்கிறேன். தரையில் நின்று செய்கிற வேலை.

வந்துவிடுங்கள்.

அப்பா

——

மாந்த், 11 பிப்ரவரி 1937

அப்பாவுக்கு,

தபால் நிலையத்தில் இருந்து மதாம் ஷசாலுக்கு டெலிபோன் போட்டேன். அவசரத்தில் எண்ணைத் தப்பாகச் சொல்லி, இரண்டு தடவை யாரோ இறைச்சிக்கடைக்காரர் எடுத்தார். கடைசியில் அவள் வந்தாள். "உங்கப்பனுக்கா? நெஞ்சு வலியா? இப்பத்தானம்மா ரெண்டு தட்டு குடல் கறிய வழிச்சுத் தின்னுட்டு, உப்புப் பத்தலன்னு என்கிட்ட சண்டை போட்டுட்டுப் போறாரு" என்றாள்.

எனக்கு அழுகை வரவில்லை. இவ்வளவு தூரம் போகிற ஆள், என் மூன்று கேள்விக்கு மட்டும் பதில் எழுதவில்லை என்பதுதான் இப்போது பயமாக இருக்கிறது.

சோதனையை முன்கூட்டியே 18-ஆம் தேதிக்கு மாற்றிவிட்டார்கள். இன்னொரு நிறுவனத்தின் விமானம் தயாராகிவிட்டதாம், அவர்களை முந்த வேண்டுமாம். வரும் வியாழக்கிழமை. இவோன்தான் போகிறார். உங்களுக்கு இன்னும் ஒரு வாரம் இருக்கிறது.

சொலாஞ்

மாமா, நான் இவோன். இவ தூங்கினதுக்கு அப்புறம் கீழ எழுதுறேன். உங்களுக்கு நெஞ்சு வலி இல்லன்னு தெரிஞ்சதுல சந்தோசம். குடலுக்கு உப்புக் கொறைச்சுத்தான் போடணும், மதாம் பண்ணது சரி. வியாழக்கிழம முடிஞ்சதும் ரெண்டு பேரும் கெளம்பி வரோம், எங்க ஊர் கோதுமை அப்பம் நானே சுட்டுத் தரேன். நீங்க என்ன மெரட்டினாலும் நான் போகத்தான் போறேன், கோவிச்சுக்காதீங்க. இவ ராத்திரியில எந்திரிச்சு உக்காந்துக்கிறா. இவளுக்கு மட்டும் இந்த மாதிரி எழுதாதீங்க.

——

தியேர், 13 பிப்ரவரி 1937
அவசரத் தபால்

மொசியே ருஷோன் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் உடல்நலத்தை விசாரிக்கும் நிலையில் நாம் இருவரும் இல்லை என்பதால் அதைத் தவிர்க்கிறேன்.

துராந்தோ 71-இன் வால் இறக்கையை உடனே சோதித்துப் பார்க்காமல் அந்த விமானத்தைத் தரையிலிருந்து எழுப்ப வேண்டாம். பாய்ச்சலுக்கு மட்டும் சொல்லவில்லை, எதற்குமே எழுப்ப வேண்டாம்.

காரணம்: வால் இறக்கைக்குள் பாரம் தாங்கும் உத்தரத்துக்கான கணக்குத்தாள், எண் 214, தவறானது. கணக்கிட்டவன் நான். காற்றுச் சுரங்கச் சோதனைக்குப் பிறகு வால் இறக்கையை இருபுறமும் முப்பது சென்டிமீட்டர் நீட்ட முடிவானது. நீட்டிய வரைபடத்தை நீங்கள் ஏப்ரல் 3 அன்று உங்கள் குறிப்புடன் என் மேசைக்கு அனுப்பினீர்கள். அந்த வாரம் பெரிய இறக்கை யாருடையது என்ற சண்டையில் உங்களோடு எனக்குப் பேச்சு இல்லை. உங்கள் கையெழுத்தில் வந்த உறைகள் எதையும் நான் பிரிக்கவில்லை. பழைய நீளத்தை வைத்தே உத்தரத்தின் தடிமனைக் கணக்கிட்டேன். ஐந்தில் ஒரு பங்கு பலம் குறையும் என்று நினைக்கிறேன்.

நம் அலுவலக வழக்கப்படி ஒவ்வொரு தாளையும் இரண்டாவது ஆள் முதலில் இருந்து போட்டுப் பார்த்து, ‘சரிபார்த்தவர்’ கட்டத்தில் கையெழுத்திட வேண்டும். என் தாளை இளம் பொறியாளர் தாவ்ரேயிடம் கொடுக்கச் சொன்னீர்கள். இருபத்தாறு வயதுக்காரன் என்னைத் திருத்துவதா என்று மறுத்து, இரண்டு கட்டத்திலும் நானே கையெழுத்திட்டேன். கெடு நெருங்கியதால் நீங்களும் விட்டுவிட்டீர்கள். அதை நான் வெளியே சொல்லப்போவதில்லை.

பிழையை நான் கண்டது டிசம்பர் 19 அன்று, என் குறிப்பேட்டில். அதன் நகலை இணைத்திருக்கிறேன். அமைச்சகத்துக்கு அனுப்பிய என் புகாரைத் திரும்பப் பெற இன்றே எழுதிவிட்டேன்.

பெரிய இறக்கை என்னுடையது. அதில் மாற்றமில்லை. உங்களை மன்னித்துவிட்டேன் என்றும் நினைக்க வேண்டாம்.

விமானத்தை நிறுத்திவிட்டதாக எனக்குத் தந்தி அடியுங்கள். கெஞ்சிக் கேட்கிறேன்.

கஸ்பார் தூர்னாத்ர்

——

மாந்த், 20 ஏப்ரல் 1937

அப்பாவுக்கு,

நீங்கள் எழுதிய நான்கு கடிதங்களும் வந்தன. எங்களுக்கு ஒரு குறையுமில்லை. முதல் இரண்டைப் பிரித்தேன். மற்ற இரண்டையும் இன்னும் பிரிக்கவில்லை. இதற்குமுன் என்னால் எழுத முடியவில்லை.

நடந்ததை வரிசையாகச் சொல்கிறேன். பிப்ரவரி 15, திங்கட்கிழமை உங்கள் உறை வந்தபோது எஞ்சின் ஓடிக்கொண்டிருந்தது. பாய்ச்சலுக்கு ஒத்திகையாக ஒரு சுற்று. இவோன் கண்ணாடிக்குள் படுத்துவிட்டார். மொசியே ருஷோன் கோட்டுப் போடாமல் ஓடுபாதையில் ஓடிப் போய்ச் சக்கரத்துக்கு முன்னால் நின்றாராம். ஐம்பத்தெட்டு வயதில் அவர் ஓடி யாரும் பார்த்ததில்லை. லெஸ்த்ராத் அவரைக் கண்டபடி திட்டியிருக்கிறார். ருஷோன் கையை விரித்துக்கொண்டு அப்படியே நின்றிருக்கிறார். அன்று மாலையே உங்களுக்குத் தந்தி அடித்தார்.

மறுவாரம் வாலைக் கழற்றிக் கூடாரத்தில் கவிழ்த்து மாட்டி, மணல்மூட்டை அடுக்கினார்கள். தாங்கவேண்டிய பாரம் நூறு என்றால், எண்பத்தொன்றில் முறிந்தது. பாய்ந்து நிமிர்த்தும்போது தொண்ணூறு வந்திருக்கும் என்கிறார்கள். இவோன் பக்கத்தில் நின்று மூட்டை எண்ணிக்கொண்டிருந்தார். சத்தம் கேட்டதும் வெளியே போய்ப் புல்லில் உட்கார்ந்துவிட்டார். வீட்டுக்கு வந்து பாத்திரம் கழுவினார். அவர் பாத்திரம் கழுவி நான் பார்த்ததில்லை.

புது வால் செய்ய ஏழு வாரம் ஆயிற்று. அதற்குள் மற்ற நிறுவனத்தின் விமானம் எல்லாச் சோதனையையும் முடித்துவிட்டது. ஆர்டர் அவர்களுக்குப் போய்விட்டது. 71 கூடாரத்தின் பின்பக்கம் சாக்கு மூடி நிற்கிறது. இனி இன்னொன்று செய்ய மாட்டார்கள். தொண்ணூறு பேரை அனுப்பிவிட்டார்கள். தொழிற்சாலையில் ஆணி அடித்தவர் ஒருவரின் மனைவி ரொட்டிக்கடையில் எனக்குக் கேட்கும்படியே, "பள்ளிக்கூடத்துல போய் உக்காந்துகிட்டு ஒரு காயிதம் போட்டு எங்க அடுப்ப அணைச்சுட்டாரு" என்றாள். நான் ரொட்டி வாங்காமல் வந்துவிட்டேன். அவளோடு எனக்குச் சண்டை இல்லை.

இவோனுக்கு வேலை இருக்கிறது, பழைய விமானங்களைப் பழுது பார்க்க. அவர் உங்களைப் பற்றிப் பேசாத நாள் இல்லை. "ஒங்கப்பா பெரிய மனுசன். தன் தப்பத் தானே எழுதி, அதுவும் தனக்கு ஆகாதவன் கையில குடுக்க எவனுக்கு நெஞ்சு வரும்?" என்று லெஸ்த்ராத்திடம் சொல்லிக் கோப்பையை உயர்த்தினார்.

அவர் உங்கள் கடிதத்தைப் படிக்கவில்லை. மொசியே ருஷோன் அதை என்னிடம் மட்டும்தான் காட்டினார். உங்கள் மகள் பார்க்க வேண்டும் என்று நினைத்தாராம். நல்லெண்ணத்தில்தான் செய்திருப்பார்.

டிசம்பர் 19 என்று எழுதியிருக்கிறீர்கள்.

இவோனின் பறப்புப் புத்தகத்தை எடுத்துப் பார்த்தேன். டிசம்பர் 19-க்கும் பிப்ரவரி 15-க்கும் இடையே பதினான்கு தடவை போயிருக்கிறார். நீங்கள் எங்களுக்குப் புது வருட வாழ்த்துச் சொன்னதற்கு மறுநாளும் போயிருக்கிறார். பனிமூட்டத்தில் எடுக்க மாட்டார்கள்தானே என்று கேட்டிருந்தீர்களே, அப்போதே உங்களுக்குத் தெரியும்.

தவறாகக் கணக்குப் போட்டதை நான் பெரிதாக நினைக்கவில்லை. எல்லோரும் போடுவார்கள்.

இந்தத் தேதி இவோனுக்குத் தெரியாது. நான் சொல்ல மாட்டேன். நீங்களும் சொல்லாதீர்கள். அவருக்குத் தகப்பன் இல்லை, உங்களை வைத்து ஒன்று கட்டிவைத்திருக்கிறார். மே 2, ஞாயிற்றுக்கிழமை நீங்கள் சாப்பிட வர வேண்டும் என்று பிடிவாதமாகச் சொல்கிறார். வாருங்கள். நான் வழக்கம்போல் நடந்துகொள்வேன். சூப் ஊற்றுவேன், முழங்காலைப் பற்றிக் கேட்பேன். அவர் எதிரில் உங்களுக்கு ஒரு குறையும் வராது.

சொலாஞ்

——

தியேர், 26 ஏப்ரல் 1937

மாப்பிள்ளை இவோனுக்கு,

நீ சுகமாக இருக்கிறாய் என்று சொலாஞ் எழுதியிருந்தாள். இந்த வருடம் எனக்கு வந்த கடிதங்களில் மெய்யாகவே நலம் சொன்ன வரி அதுதான்.

உன்னை ஞாயிற்றுக்கிழமை பார்ப்பதற்கு முன் நீ ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். வாலில் பிழை இருப்பதை நான் பிப்ரவரியில் கண்டுபிடிக்கவில்லை. டிசம்பர் 19, சனிக்கிழமை மதியம் கண்டுபிடித்தேன். அதற்குப் பிறகு நீ பதினான்கு தடவை அந்த விமானத்தில் போனாய்.

ஏன் சொல்லவில்லை என்று கேட்பாய். ஒரு வாரத்துக்கு முன்னால்தான் என் தாள் ஒன்றுகூடத் தவறியதில்லை என்று அமைச்சகத்துக்கு எழுதியிருந்தேன். முதலில், நேராகப் பறந்தால் தாங்கும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அது உண்மைதான், ஆனால் சத்தியம் செய்யும் அளவுக்கு எனக்கு நிச்சயம் கிடையாது. பிறகு சோதனைத் தேதி வந்தது. பதினேழு நாள் பேனாவை எடுப்பதும் கீழே வைப்பதுமாக இருந்தேன். ருஷோன் அந்தக் கடிதத்தைப் படிக்கும்போது அவன் முகம் எப்படி இருக்கும் என்பது மட்டுமே என் கண்ணில் நின்றது. உன் முகம் வரவில்லை. வால் அவனுடையது என்று உன் பெண்டாட்டிக்கு எழுதினேன். நோய் என்று பொய் சொன்னேன். நீ குடலுக்கு உப்பைப் பற்றி எழுதினாயே, அந்த நான்கு வரிக்குப் பிறகுதான் என்னால் முடியவில்லை. அதுவும் உடனே இல்லை. ஒரு இரவு எடுத்துக்கொண்டேன்.

ஆகவே நீ லெஸ்த்ராத்திடம் சொன்னது தவறு. அவரிடமும் திருத்திச் சொல்லிவிடு.

இதை உன்னிடம் சொல்ல வேண்டாம் என்று சொலாஞ் கேட்டுக்கொண்டாள். உன் மேல் உள்ள பிரியத்தில் கேட்டாள். அவளைக் கோபித்துக்கொள்ளாதே. இரண்டு மாதமாக ஒன்றைச் சொல்லாமல் மேசையில் உட்கார்ந்து சாப்பிட்டவன் நான். அது எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். உன் எதிரில் தினமும் மூன்று வேளை அவள் அப்படி உட்கார நான் விட மாட்டேன்.

ருஷோன் ஓடுபாதையில் ஓடியதை நினைத்துப் பார்க்கிறேன். எழுதவே கை வரவில்லை, ஆனாலும் எழுதுகிறேன்: அவன் உறையைப் பிரித்த உடனே ஓடியிருக்கிறான்.

ஞாயிறு காலை பத்து நாற்பதுக்கு மாந்தில் இறங்குகிறேன். நடைமேடையில் உங்களில் ஒருவர் நின்றாலும் வீட்டுக்கு வருவேன். யாரும் இல்லையென்றால் பன்னிரண்டு மணி ரயிலில் திரும்பிவிடுவேன். ஏன் வரவில்லை என்று கேட்டு நான் எழுத மாட்டேன்.

வியாழக்கிழமைக்குள் இது உனக்குக் கிடைத்துவிடும். தனியாக இருக்கும்போது படிக்காதே. அவள் பக்கத்தில் உட்கார்ந்து படி.

கஸ்பார் தூர்னாத்ர்